மண் குதிரையை விரட்டியது யார்?

அவையில் இருக்கும் பெரியவர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம்.

'மண் குதிரையை நம்பி ஆற்றில் இறங்கலாமா?' என்று சொல்லிப் பாருங்கள். பக்கத்தில் இருக்கும் ஒருவர் உடனே, "அது குதிரை இல்லைங்க, குதிர். ஆற்று நடுவில் இருக்கும் மணல் திட்டு" என்று திருத்துவார். மண்ணில் செய்த குதிரையை நம்பி எந்த மடையன் ஆற்றில் இறங்குவான் என்பது அவர் வாதம். எனக்கென்னவோ அந்த மடையனுக்காகத்தான் பழமொழியே பிறந்தது என்று தோன்றுகிறது.

மணல் திட்டு விளக்கத்தை ஒரேயடியாகத் தள்ளவில்லை. வெள்ளம் வந்தால் திட்டு சரியும், நின்றவன் போவான். ஆனால் நமக்குப் பழகிய குதிர், வீட்டில் நெல் கொட்டி வைத்த மண்கூடு. 'எங்கப்பன் குதிருக்குள் இல்லை' என்று பையன் காட்டிக்கொடுத்தானே, அதே குதிர்தான். அதைவிட முக்கியம், இந்தப் பழமொழியை நாம் எப்போது எடுக்கிறோம் என்பது. ஜாமீன் கையெழுத்து நான் போடுகிறேன் என்று மீசையை முறுக்கிவிட்டு, அன்றைக்குப் போனை அணைத்துவிடுகிற ஆளைப் பற்றிப் பேசும்போது எடுக்கிறோம். ஆள் பார்க்க ஜம்மென்று இருப்பார், காரியத்துக்கு ஆக மாட்டார். மணல் திட்டுக்கு ஏது தோரணை? குதிரைக்குத்தான் உண்டு.

அந்தத் தோரணையைப் பார்க்க வேண்டுமென்றால் புதுக்கோட்டை, சிவகங்கைப் பக்கத்து அய்யனார் கோயில்களுக்குப் போங்கள். மண்பாண்டம் செய்யும் வேளார்கள் களிமண்ணோடு மணலும் உமியும் கலந்து பிசைந்து, முதலில் நான்கு கால்களைக் குழாய்போல எழுப்புவார்கள். அவை கொஞ்சம் இறுகிய பிறகுதான் வயிறு, கழுத்து, தலை எல்லாம். உள்ளே வெறும் கூடு. வெளியே விடைத்த காது, பிதுங்கிய கண், கழுத்தில் மணிமாலை, முதுகில் சேணம். வைக்கோலும் வரட்டியும் அடுக்கிச் சுட்டு, புரவியெடுப்பு அன்று ஊரே மேளத்தோடு சுமந்துபோய்க் கோயிலில் நிறுத்தும். கவனியுங்கள், அங்கே குதிரை மனிதனைச் சுமக்கவில்லை, மனிதன்தான் குதிரையைச் சுமக்கிறான். அய்யனார் ராத்திரியில் அதன்மேல் ஏறி ஊர்க்காவல் போவார். அது அவருக்குச் சரி. நீங்களும் நானும் ஏற முடியுமா?

உயிருள்ள குதிரையின் கதை வேறு. காவிரிப்பூம்பட்டினத்துக்கு வந்த சரக்குகளைச் சொல்லும்போது பட்டினப்பாலை, 'நீரின் வந்த நிமிர்பரிப் புரவி' என்கிறது. கடல் தாண்டி வந்த பொருள் அது. பாண்டியர் காலத்திலும் அரபு வணிகர்கள் கப்பல் கப்பலாகக் கொண்டுவந்து இறக்கினார்கள். சரியாகப் பார்த்துக்கொள்ளத் தெரியாமல் அவை இங்கே செத்துப்போவதை மார்க்கோ போலோ எழுதி வைத்திருக்கிறார். ஆக, அந்தக் குதிரை அரசனுக்கும் படைக்கும். குடியானவன் கிட்டே நின்று தொட்டுப் பார்த்த குதிரை பெரும்பாலும் மண்ணால் ஆனதாகத்தான் இருந்திருக்கும். அவன் வாயில் இப்படி ஒரு கேலி பிறந்ததில் என்ன ஆச்சரியம்?

நடக்காததைச் சொல்வது பழமொழிக்குப் புதிதும் இல்லை. முன்றுறை அரையனாரின் பழமொழி நானூற்றிலேயே 'பாம்பறியும் பாம்பின கால்' இருக்கிறது. பாம்புக்குக் கால் ஏது என்று யாரும் அதைத் திருத்தவில்லை. அதே நூலில் 'நாய்பெற்ற தெங்கம் பழம்' உண்டு. நாய்க்கு அந்தத் தேங்காயை உருட்டத் தெரியும், உடைக்கத் தெரியாது. இந்தக் காலமாக இருந்தால் அந்த நாயையும் நாயகன் ஆக்கியிருப்பார்கள். 'நாயைக் கண்டால் கல்லைக் காணோம்' என்பதற்கு அதுதானே நடந்தது? கற்பூர வாசனை தெரியாத கழுதையை 'கழு', 'தைக்க' என்று இரண்டாக வெட்டி, கழு என்றால் கோரைப்புல் என்று சொல்லிப் பாய் முடைய அனுப்பிவிட்டார்கள். வீடு புகுந்த ஆமை, கல்லாமை முயலாமை என்று கரைந்தே போனது. மிருகம் இருந்தால் பழமொழிக்கு மரியாதைக் குறைவு என்று யார் சொன்னது?

அப்புறம், சுட்ட மண் தண்ணீரில் கரையாதே என்று ஒரு கேள்வி வரும். நியாயமான கேள்வி. பச்சை மண் பொம்மை கரையும். சுட்டெடுத்த குதிரை தண்ணீர் புகுந்து அடியில் போய் உட்காரும். ஏறி உட்கார்ந்தவனுக்கு இரண்டும் ஒன்றுதான்.