நாடோடினால் நடுவே ஓடலாமா?

(நூலக வார விழாவில் பேசியதன் எழுத்து வடிவம்)

விழாத் தலைவர் அவர்களே, முன்னிலை வகிக்கும் பேரூராட்சித் தலைவர் அம்மா அவர்களே, துணைத்தலைவர் அவர்களே, வார்டு உறுப்பினர்களே, அழகானதொரு வாழ்த்துரை வழங்கி அமர்ந்திருக்கும் ஓய்வுபெற்ற வட்டாட்சியர் ஐயா அவர்களே, வாசகர் வட்டப் பொறுப்பாளர்களே, இரண்டு பள்ளிகளிலிருந்து வந்திருக்கும் ஆசிரியப் பெருமக்களே, முன்வரிசையில் தரையில் உட்கார்ந்திருக்கும் மாணவச் செல்வங்களே, காலையிலிருந்து நாற்காலி போட்டு, மைக்செட்காரரோடு மல்லுக்கட்டி, டீக்கும் சொல்லிவிட்டு இப்போது கடைசியில் நின்றுகொண்டிருக்கும் நம் நூலகர் அவர்களே, யார் பெயரையாவது விட்டிருந்தால் பொறுத்தருள வேண்டும். அனைவருக்கும் என் மாலை வணக்கம்.

மேடையில் ஒன்பது பேருக்குப் பொன்னாடை போர்த்தினீர்கள். எனக்கும் ஒன்று. நன்றி. ஆனால் நான் எந்த மேடையிலும் சொல்வதை இங்கேயும் சொல்லிவிடுகிறேன். இந்தத் துண்டை நான் எங்கே போட்டுக்கொண்டு போவது? வீட்டு பீரோவில் அடுக்க இடமில்லை. அந்தக் காசுக்கு ஒன்பது புத்தகம் வாங்கி நூலகத்துக்குக் கொடுத்திருக்கலாம். அம்மா சிரிக்கிறார்கள். அடுத்த ஆண்டு செய்வார்கள் என்று எடுத்துக்கொள்கிறேன்.

வட்டாட்சியர் ஐயா இளைஞர்களுக்குப் புத்திமதி சொல்லும்போது, "ஊரோடினால் ஒக்க ஓடு, நாடோடினால் நடுவே ஓடு" என்றார். ஐயா மேல் எனக்கு மிகுந்த மரியாதை உண்டு. ஆனால் இந்தப் பழமொழியோடு எனக்கு நெடுநாள் சண்டை. நடுவே ஓடுகிறவனுக்கு என்ன வசதி? முன்னால் ஓடினால் கல்லடி படும், பின்னால் ஓடினால் பிடிபடுவோம். நடுவில் ஓடினால் யாருக்கும் முகம் தெரியாது. நாடு எங்கே ஓடுகிறது என்று கேட்க வேண்டிய அவசியமும் இல்லை. எனக்குக் கொடுத்த தலைப்பு, இரண்டாம் உலகப் போரின்போது ஹிட்லரின் நாஜி ஜெர்மனி நடத்திய யூத இனப்படுகொலைக் காலத்துத் தனிமனித வாழ்வைப் பேசும் நூல்கள். அந்த நூல்கள் எல்லாமே ஏதோ ஒரு வகையில் இந்தப் பழமொழிக்குச் சொன்ன பதில்கள்தாம் என்பது என் எண்ணம். மூன்று பகுதியாகப் பேசலாம் என்று வந்திருக்கிறேன். நடுவே ஓடியவர்கள், ஓட மறுத்தவர்கள், பிழைத்தவர்களிடம் கேட்கப்பட்ட மன்னிப்பு.

முதலில் நடுவே ஓடியவர்கள். கிறிஸ்டோபர் பிரௌனிங் என்ற அமெரிக்க வரலாற்றாசிரியர் 1992-இல் ஒரு நூல் எழுதினார். 'சாதாரண மனிதர்கள்' என்று பெயர். 101-ஆம் ரிசர்வ் போலீஸ் பட்டாலியன் என்ற ஜெர்மன் படைப்பிரிவின் கதை. ஏறக்குறைய 500 பேர். பெரும்பாலோர் ஹாம்பர்க் நகரத்துக்காரர்கள். துறைமுகத் தொழிலாளிகள், லாரி ஓட்டுநர்கள், மாலுமிகள், ஓட்டல் சர்வர்கள். நடுத்தர வயது, பிள்ளைகுட்டிக்காரர்கள். 1942 ஜூலை 13 அதிகாலை போலந்தில் யூசெஃபுவ் என்ற ஊருக்கு வெளியே இவர்களை நிறுத்தி, ட்ராப் என்ற மேஜர் பேசுகிறார். குரல் தழுதழுக்கிறது, கண் கலங்கியிருக்கிறது. ஊரில் உள்ள யூதப் பெண்களையும் குழந்தைகளையும் முதியவர்களையும் சுட வேண்டும் என்பது உத்தரவு. அதோடு நிறுத்தவில்லை அவர். உங்களில் வயதானவர்கள் யாருக்காவது இது முடியாது என்றால் விலகி நிற்கலாம் என்கிறார்.

எத்தனை பேர் விலகினார்கள் தெரியுமா? அந்த இடத்தில் ஒரு டஜன் பேர். மற்றவர்கள் வரிசையிலேயே நின்றார்கள். நாள் முடிவதற்குள் இன்னும் சிலர் மெல்ல நழுவினார்கள். பெரும்பாலோர் சுட்டார்கள். குறைந்தது 1500 உயிர்கள். விலகியவர்களுக்குச் சிறையும் இல்லை, தூக்கும் இல்லை. 1960-களில் விசாரணை நடந்தபோது இவர்கள் கொடுத்த வாக்குமூலங்களை வைத்துத்தான் பிரௌனிங் எழுதுகிறார். அதில் ஒருவர் சொல்கிறார்: பக்கத்தில் நின்றவன் தாயைச் சுட்டான், நான் குழந்தையைச் சுட்டேன், தாயில்லாமல் அது பிழைக்காதே என்று மனத்தைத் தேற்றிக்கொண்டேன் என்று.

ஐயா, இவர்கள்தாம் நடுவே ஓடியவர்கள். பிறவிக் கொடியவர்கள் என்றால் நமக்குக் கவலையில்லை, நாமெல்லாம் நல்லவர்கள் என்று வீட்டுக்குப் போய்விடலாம். இந்த நூல் அந்த வசதியைத் தருவதில்லை.

கொலைகாரன் பக்கம் இருந்து மட்டும் பேசினால் போதாது. போலந்தின் தலைநகர் வார்சாவுக்குப் பக்கத்தில் ஒட்வொட்ஸ்க் என்ற ஊர். அங்கே கெட்டோவில், அதாவது யூதர்களை அடைத்து வைத்த பகுதியில், காலெல் பெரெஹோத்னிக் என்ற இளைஞர் கெட்டோ காவலராகச் சேர்கிறார். அவரும் யூதர்தாம். காவலரின் குடும்பத்துக்கு ஒன்றும் ஆகாது என்று வாக்குக் கொடுக்கப்படுகிறது. 1942 ஆகஸ்டில் ஊரைக் காலி செய்யும் நாளன்று, அந்த வாக்கை நம்பித் தன் மனைவியையும் இரண்டு வயது மகளையும் தானே மைதானத்துக்கு அழைத்து வருகிறார். இருவரும் திரெப்லிங்கா என்ற கொலைமுகாமுக்குப் போகும் ரயிலில் ஏற்றப்படுகிறார்கள். அடுத்த ஆண்டு ஒளிந்திருந்த வீட்டில் இருந்து அவர் எழுதிய குறிப்பு, தன்னையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றி நிறுத்தும் வாக்குமூலம். அவரும் போர் முடியும்வரை உயிரோடு இல்லை. அவரை நான் என்ன சொல்ல? இத்தாலிய எழுத்தாளர் பிரிமோ லெவி 1986-இல் வந்த தம் நூலில் இப்படிப்பட்டவர்கள் நிற்கும் இடத்துக்குச் 'சாம்பல் நிறப் பகுதி' என்று பெயர் வைத்தார். அந்த இடத்தில் நிற்காதவர்கள் தீர்ப்புச் சொல்ல அவசரப்படக் கூடாது என்பது அவர் கட்சி. நானும் அந்தக் கட்சிதான்.

இனி ஓட மறுத்தவர்கள். மாணவர்களே, கொஞ்சம் நிமிர்ந்து உட்காருங்கள். இது உங்கள் வயதுக் குழந்தைகள் கதை. நம் தாகூரும் இதில் வருகிறார்.

வார்சாவில் யானுஷ் கோர்ச்சாக் என்று ஒரு குழந்தை மருத்துவர். குழந்தைகளுக்குக் கதை எழுதியவர், வானொலியில் 'கிழட்டு டாக்டர்' என்ற பெயரில் பேசியவர். நாட்டில் அவர் குரலைத் தெரியாத பிள்ளை இல்லை என்பார்கள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. 1912-இலிருந்து ஓர் அனாதை இல்லம் நடத்தினார். ஸ்டெஃபானியா வில்ச்சின்ஸ்கா என்ற அம்மையார் அவருக்குத் துணை. அந்த இல்லத்தில் குழந்தைகளே நீதிமன்றம் நடத்துவார்கள். டாக்டர் தப்புச் செய்தால் டாக்டர் மேலேயே வழக்குப் போடலாம். போட்டிருக்கிறார்கள்! இந்த யோசனை நம் பள்ளித் தலைமையாசிரியர்களுக்குப் பிடிக்காது, ஆகவே கடந்து போகிறேன்.

ஜெர்மானியர் வந்தார்கள். கெட்டோ சுவர் எழுந்தது. இல்லம் உள்ளே மாற்றப்பட்டது. பசி, டைபஸ், தெருவில் பிணம். ஏறக்குறைய 200 குழந்தைகளுக்காக அந்த வயதான மனிதர் ஒவ்வொரு நாளும் மூட்டையைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாகப் போய்க் கையேந்தினார். 1942 ஜூலை 18, சனிக்கிழமை. இல்லத்தில் நாடகம், அழைப்பிதழ் கொடுத்திருக்கிறார்கள். என்ன நாடகம்? வங்காளத்தில் பிறந்த 'தபால் நிலையம்'. எழுதியவர் ரவீந்திரநாத் தாகூர். அவர் மறைந்து ஓராண்டு கூட ஆகவில்லை.

கதை பலருக்குத் தெரிந்திருக்கும். அமல் என்று ஒரு பையன், நோயாளி. வெளியே போகக் கூடாது என்று வைத்தியர் உத்தரவு. ஜன்னலோரம் உட்கார்ந்து தெருவில் போகிறவர்களைக் கூப்பிட்டுப் பேசுகிறான். தயிர்க்காரர் வருகிறார். தயிர் வேண்டாம், நீங்கள் எப்படிக் கூவுகிறீர்கள் என்று சொல்லித் தாருங்கள் என்கிறான். சுதா என்று ஒரு பூக்காரச் சிறுமி, திரும்பி வருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போகிறாள். எதிரே புதிதாக ஒரு தபால் நிலையம் திறந்திருக்கிறார்கள். ராஜா தனக்குக் கடிதம் எழுதுவார் என்று நம்பிக் காத்திருக்கிறான். ஊர்ப் பெரிய மனிதர் ஒருவர் கேலி செய்து வெற்றுத்தாளை நீட்டுகிறார். கடைசியில் ராஜ வைத்தியர் வந்து கதவுகளையும் ஜன்னல்களையும் திறக்கச் சொல்கிறார். அமல் தூங்கிப்போகிறான். சுதா பூவோடு வருகிறாள். அவன் விழித்ததும், சுதா உன்னை மறக்கவில்லை என்று காதில் சொல்லச் சொல்கிறாள்.

இதைச் சுவருக்குள் அடைபட்ட பிள்ளைகள் நடிக்கிறார்கள். ஏன் இந்த நாடகம் என்று கேட்டதற்கு, மரணத்தின் தேவதை வந்தால் அமைதியாக எதிர்கொள்ளக் கற்க வேண்டுமே என்று கோர்ச்சாக் சொன்னதாகப் பதிவு உண்டு. அவர் நாட்குறிப்பிலும் இந்த நாடகம் வருகிறது. கைதட்டல், கைகுலுக்கல், புன்னகை என்று எழுதிவிட்டு, நேற்று நடித்தவர்கள் இன்றும் அந்த வேடத்திலேயே தொடர்ந்தால் என்ன ஆகும் என்று யோசிக்கிறார். ஒருவன் தன்னைப் பக்கிரி என்றே நினைத்துக்கொள்வானாம். இன்னொருவன் நிஜ டாக்டர்.

நான்கு நாள் கழித்து, ஜூலை 22 அன்று வார்சாவிலிருந்து திரெப்லிங்காவுக்கு ஆட்களை அனுப்பும் வேலை தொடங்கியது. கெட்டோ யூத மன்றத் தலைவர் ஆடம் செர்னியாகுவ். அனாதைக் குழந்தைகளையாவது விட்டுவிடுங்கள் என்று கேட்டுப் பார்த்தார். பதில் சாதகமாக இல்லை. மறுநாளே விஷம் அருந்தி உயிரை விட்டார். அவர் எழுதி வைத்த நாட்குறிப்பும் நூலாக இருக்கிறது. இதற்கு நேர்மாறாக, வூட்ஜ் நகரக் கெட்டோவின் தலைவர் ரும்கோவ்ஸ்கி அதே ஆண்டு செப்டம்பரில் கூட்டத்தின் முன் நின்று, உங்கள் குழந்தைகளைக் கொடுங்கள் என்று பெற்றோரிடம் கேட்டார். மற்றவர்களையாவது காப்பாற்றலாம் என்பது அவர் கணக்கு. இரண்டு தலைவர்கள், இரண்டு முடிவு. இதைப் பற்றியே ஒரு மணி நேரம் பேசலாம், தலைவர் மணியைப் பார்க்கிறார்.

கோர்ச்சாக்குக்குத் தப்பிக்க வழி இருந்தது. சுவருக்கு வெளியே இருந்த நண்பர்கள் போலிச் சான்றிதழ் தர முன்வந்தார்கள். மறுத்துவிட்டார். ஆகஸ்ட் முதல் வாரத்தில் ஒரு நாள் பிள்ளைகளை வரிசையாக அழைத்துக்கொண்டு ரயிலடிக்கு நடந்தார். ஸ்டெஃபானியா அம்மையாரும் நடந்தார். அதற்கு முன் எழுதிய கடைசிப் பக்கத்தில் என்ன இருக்கிறது? ஜன்னலருகே பூச்செடிக்குத் தண்ணீர் ஊற்றுகிறார். வெளியே துப்பாக்கியோடு ஒரு ஜெர்மன் சிப்பாய். என் வழுக்கைத் தலை நல்ல குறி ஆயிற்றே, ஏன் சும்மா நிற்கிறான் என்று எழுதுகிறார். ஊரில் இவன் பள்ளி வாத்தியாராக இருந்திருப்பானோ, லைப்சிக் நகரில் தெருக் கூட்டியிருப்பானோ, கொலோனில் சர்வரோ என்று கேட்டுக்கொள்கிறார். நான் ஹாம்பர்க் சர்வர்களைப் பற்றிச் சொன்னேனே, அவர்களை, பிரௌனிங் எழுதுவதற்கு ஐம்பது வருடத்துக்கு முன்பே, இந்த மனிதர் ஜன்னலிலிருந்து பார்த்திருக்கிறார். நாடே ஓடியபோது நடுவில் ஓடாத ஒருவர்.

ஓட மறுப்பதற்கு மகானாக இருக்க வேண்டும் என்பதில்லை. லெவி அவுஷ்விட்ஸ் என்ற நாஜி வதைமுகாமில் கைதியாக இருந்தபோது லொரென்சோ என்ற இத்தாலியக் கொத்தனார் ஆறு மாதம் நாள்தோறும் தன் ரொட்டியிலும் சூப்பிலும் பங்கு கொண்டுவந்து கொடுத்தார். அதிகம் பேசாதவர், பிரதிபலன் எதிர்பார்க்காதவர். லெவியின் முதல் நூல் 1947-இல் ஒரு சிறிய பதிப்பகத்தில் 2500 பிரதிகள் அச்சாயிற்று. அதற்குமுன் பெரிய பதிப்பகம் வேண்டாம் என்று திருப்பியிருந்தது. பதினோரு ஆண்டு கழித்து அதே பதிப்பகம் வெளியிட்டது. பதிப்பாளர்கள் இங்கே யாரும் இருந்தால் குறித்துக்கொள்ளுங்கள்.

இப்போது நான் எதற்காக வந்தேனோ அதற்கு வருகிறேன். வில்னா நகரம், இன்றைய லித்துவேனியாவின் வில்னியஸ். 1941 செப்டம்பரில் கெட்டோவில் மக்களை அடைத்த உடனேயே ஹெர்மன் குரூக் என்பவர் அங்கே என்ன திறந்தார் தெரியுமா? நூலகம்! அக்டோபர் ஒன்றாம் தேதி, அவர்களுடைய புனித நோன்பு நாளன்று, ஆயிரக்கணக்கானோரை வளைத்துப் பிடித்துக் கொண்டுபோனார்கள். மறுநாள் நூலகத்தில் 390 புத்தகங்கள் மாறின. இது குரூக் எழுதி வைத்த கணக்கு. 1942 டிசம்பரில், ஒரு லட்சமாவது புத்தகம் இரவல் போனதற்கு விழாவே எடுத்தார்கள். ஜெர்மானியர்கள் யூத நூல்களில் சிலவற்றைத் தங்கள் ஆய்வகத்துக்கும் பெரும்பகுதியைக் காகித ஆலைக்கும் அனுப்பினார்கள். பிரிக்கும் வேலையில் குரூக்கையே உட்கார வைத்தார்கள். செய்தால் துரோகம், செய்யாவிட்டால் எல்லாமே போகும். செய்தார். அவரும் கூட இருந்தவர்களும் துணிக்குள் ஒளித்து நூல்களை கெட்டோவுக்குள் கடத்தினார்கள். 1944 செப்டம்பரில் எஸ்டோனிய முகாமில் தம் குறிப்பேடுகளைச் சாட்சிகள் முன் மண்ணில் புதைத்தார். மறுநாள் கொல்லப்பட்டார். பிழைத்த சாட்சி ஒருவர் திரும்பி வந்து தோண்டி எடுத்ததால்தான் நாம் படிக்கிறோம்.

அம்மா அவர்களே, அந்த ஊரில் அந்த நாளில் நூலகம் திறந்திருந்தது. நம் ஊரில் ஐந்து மணிக்குப் பூட்டுகிறார்கள். பள்ளி விடுவது நாலரைக்கு. வேலைக்குப் போகிறவர் வீடு திரும்புவது ஏழு மணிக்கு. யார் படிப்பது? இந்த வகை நூல்களில் ஒன்றே ஒன்று இங்கே இருக்கிறது, யூதச் சிறுமி ஆனி ஃப்ராங்க் எழுதிய நாட்குறிப்பு, அதுவும் கண்ணாடி பீரோவில் பூட்டோடு. சாவி மேலிடத்தில் இருக்கிறதாம். நூலகர் மேல் குறையில்லை, ஆளும் இல்லை, உத்தரவும் இல்லை. 1948-இல் சென்னை மாகாணம் பொது நூலகச் சட்டம் கொண்டுவந்தது. அந்தச் சட்டத்தின்படி நாம் வீட்டு வரியோடு நூலக வரியும் கட்டுகிறோம், இப்போது வரியில் ஒரு ரூபாய்க்குப் பத்துக் காசு. என் ரசீது இதோ சட்டைப் பையில். கேட்பது சலுகை இல்லை. ஊரில் யாரும் கேட்கவில்லையே, நாம் ஏன் கேட்க வேண்டும் என்று ஒரு நண்பர் சொன்னார். பார்த்தீர்களா ஐயா, மறுபடியும் அதே பழமொழி!

துண்டுச்சீட்டு வந்துவிட்டது, இரண்டு நிமிடம் என்று. மன்னிப்பைப் பற்றிப் பேச நேரமில்லை. சைமன் வீசென்டால் எழுதியது, சாகக் கிடக்கும் நாஜி வீரன் ஒருவன் ஒரு யூதக் கைதியைக் கூப்பிட்டு மன்னிப்புக் கேட்கும் கதை. கைதி பதில் சொல்லாமல் எழுந்து போகிறான், நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள் என்று நூலாசிரியர் உலகத்தையே கேட்டார். அடுத்த ஆண்டு அழைத்தால் அதைப் பேசுகிறேன்.

மனு வாசலருகே மேசையில் இருக்கிறது. கோரிக்கை மூன்று: இரவு எட்டு மணிவரை நூலகம், கூடுதலாக ஓர் ஆள், பீரோவுக்குச் சாவி. உறுப்பினர் அட்டை இல்லாதவர்களும் கையெழுத்துப் போடலாம், முகவரியைத் தெளிவாக எழுதுங்கள். முதல் கையெழுத்தைப் பேரூராட்சித் தலைவர் அம்மா போடுவதாக மேடைக்கு வருமுன் சொன்னார்கள். இப்போது எல்லோர் முன்னிலையிலும் கேட்டுக்கொள்கிறேன். வட்டாட்சியர் ஐயா இரண்டாவது கையெழுத்துப் போட வேண்டும், மனு எந்த மேசையில் தங்கிவிடும் என்று அவருக்குத்தான் தெரியும். பேனா என்னிடம் இருக்கிறது. வணக்கம்.