பட்டாணிச் செடியா, மகாலட்சுமியா?

நடுவர் அவர்களே, எதிரணி அண்ணன் அவர்களே, வெயில் தாழுமுன்னே துண்டு போட்டு இடம் பிடித்த காரைக்குடி ஆச்சிமார்களே, வணக்கம்.

ஊமைப் படத்துக்குக் கூட்டம் சேர்த்தது கேமரா வித்தையா, புராணமா? அண்ணன் வித்தைக்கு வாதாடினார். நம்ம நாட்டு சினிமாவின் முன்னோடி பால்கே 1912-ல் ஒரு பட்டாணி முளைத்துச் செடியாவதைப் படம் பிடித்துக் காட்டித்தான் பணம் புரட்டினார் என்றார். உண்மைதான். ஆனால் வட்டிக் கணக்கில் வளர்ந்த ஊருக்கு வந்து பாதிக் கணக்கை வாசிக்கலாமா? பணம் கைக்கு வந்ததும் அவர் எடுத்தது என்ன, அவரைக்கொடியா? 1913-ல் பம்பாயில் ஓடியது 'ராஜா அரிச்சந்திரா'! கடன் கொடுத்தவர் செடியைப் பார்த்தார். டிக்கெட் வாங்கியவன் அரிச்சந்திரனைப் பார்த்தான்.

ஏன்? படம் பேசாது. இடையிடையே எழுத்து வரும். பலருக்குப் படிக்கத் தெரியாது. புதுக்கதை என்றால் யாருக்கு யார் என்ன உறவென்றே விளங்காது. அரிச்சந்திரன் பெண்டாட்டி மகனை மடியில் கிடத்தினால், ஒரு வார்த்தை வேண்டாம், அப்பத்தா முந்தானையை எடுத்துவிடுவாள். இத்தனைக்கும் அந்தப் பெண்டாட்டி யார்? ஓட்டலில் சமைத்துக்கொண்டிருந்த ஆம்பளை, அண்ணா சாளுங்கே! 1917-ல் 'லங்கா தகன'த்தில் ராமனும் அவரே, சீதையும் அவரே. ராமன் காடெல்லாம் தேடுவானேன், சேலையை எடுத்துக் கட்டினால் முடிந்தது! அப்படியும் சனம் சிரிக்கவில்லை. திரையில் ராமன் வந்ததும் செருப்பைக் கழற்றியது. எந்த வித்தைக்கு ஐயா செருப்பைக் கழற்றுவார்கள்?

நம்ம சென்னைக்கு வாங்க. மோட்டார் உதிரிபாகம் விற்ற நடராஜ முதலியார், கீழ்ப்பாக்கத்தில் கேமராவைத் தூக்கியதும் மோட்டாரையா எடுத்தார்? பாரதக் கதையான 'கீசக வதம்' எடுத்தார்.

இன்னொன்று. பால்கே படம் எடுக்க வருமுன், சாமி படங்களை அச்சடித்த ரவிவர்மா அச்சகத்தில் வேலை பார்த்தவர். அந்த அச்சுப் படங்கள் நம்ம வளவு வீடுகளில் இன்னும் தொங்குகின்றன. எங்கள் வீட்டு லட்சுமிக்குச் சேலை முழுக்க சரிகையும் ஜிகினாவும் ஒட்டியிருக்கும். வெள்ளிக்கிழமைதோறும் கண்ணாடி மேலேயே அப்பத்தா பொட்டு வைத்து வைத்து, நெற்றியே தெரியாது. அந்த லட்சுமி எழுந்து நடந்தால் எப்படி இருக்கும் என்று ஏங்கிய கண்கள்தான் கொட்டகைக்குள் போய் உட்கார்ந்தன.

நடுவர் மணியில் கை வைத்துவிட்டார், முடித்துக்கொள்கிறேன். அண்ணன் வீடும் பக்கத்துத் தெருதான். போய் முகப்பில் மாட்டியிருப்பது மகாலட்சுமியா, பட்டாணிச் செடியா என்று பார்த்து வந்து சொல்லட்டும்.