தெர்சைட்டீஸின் முதுகில் விழுந்த அடி

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். கிரேக்கக் கவிஞர் ஹோமரின் இலியட் காவியத்தில், ட்ராய் நகரின் மீது போர் தொடுத்த கிரேக்கப் படையின் வீரன் தெர்சைட்டீஸ், மன்னன் அகமெம்னானை அவையில் ஏசியதற்காகத் தலைவர்களில் ஒருவனான ஒடிசியஸிடம் பட்ட அடி தகுமா, தகாதா என்னும் தலைப்பில், தகாது என்று வாதிட வந்திருக்கிறேன்.

அன்று ஒடிசியஸ் அடித்திராவிட்டால் படை கலைந்திருக்கும் என்றார் எதிரணித் தலைவர். காவியத்தின் இரண்டாம் காண்டத்தை நிதானமாகப் படித்தால் இந்த வாதம் நிற்காது. ஒன்பது ஆண்டுகள் கழிந்துவிட்டன, ட்ராய் நகரம் விழப்போவதில்லை, கப்பலேறுவோம் என்று அவையில் முதலில் சொன்னவன் மன்னன் அகமெம்னான். படையின் மனத்தைச் சோதிக்கச் சொன்னானாம்! அதை மெய்யென்று நம்பிய வீரர்கள் கப்பல்களை நோக்கி ஓடினார்கள். ஒடிசியஸ் அவர்களை மடக்கிக் கொண்டுவந்து, எல்லோரும் அமர்ந்து அடங்கிய பிறகே தெர்சைட்டீஸ் வாய் திறக்கிறான். ஓட்டம் நின்றபின் விழுந்த அடி எந்த ஓட்டத்தைத் தடுத்தது?

அவன் பேச்சு கரடுமுரடானது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பொருள் என்ன? உன் கூடாரம் வெண்கலத்தால் நிறைந்திருக்கிறது, நாங்கள் பிடித்துத் தந்த பெண்கள் இருக்கிறார்கள், இன்னும் என்ன குறை என்று மன்னனைக் கேட்கிறான். மாவீரன் அக்கிலிஸுக்குப் போர்ப் பரிசாகக் கிடைத்த பெண்ணைப் பறித்து அவனை அவமதித்தாயே என்கிறான். முதல் காண்டத்தில் அக்கிலிஸ் இதைவிடக் கடுமையாக, குடிவெறியன், நாய்க்கண்ணன், மக்களைத் தின்னும் மன்னன் என்றெல்லாம் அகமெம்னானை ஏசிவிட்டு, கையிலிருந்த கோலைத் தரையில் வீசியெறிந்தான். அவன் மீது ஒரு விரல்கூடப் படவில்லை. பின்னர் பத்தொன்பதாம் காண்டத்தில் அகமெம்னானே, தன் மதி மயங்கியது என்று பழியைத் தெய்வங்கள் மேல் போட்டு அந்தப் பிழையை ஒத்துக்கொள்கிறான்.

வேறுபாடு சொல்லில் இல்லை, பிறப்பில் இருக்கிறது. அக்கிலிஸ் மன்னன் பீலியஸின் மகன். தெர்சைட்டீஸின் தந்தை யார், ஊர் எது என்று ஹோமர் சொல்வதே இல்லை. வளைந்த கால், கூனிய தோள், கூம்பிய தலை என்று அங்கம் அங்கமாக இழிவுபடுத்த மட்டும் அவருக்கு வரிகள் கிடைக்கின்றன. அன்று ஓடிய தலைவர்களை ஒடிசியஸ் இன்சொல்லால் நிறுத்தினான், கூச்சலிட்ட எளியவர்களைக் கோலால் அடித்தான். அது அகமெம்னானின் பரம்பரைக் கோல். அதைச் செங்கோல் என்று அழைக்க எனக்கு நா எழவில்லை.

முதுகில் இரத்தம் கட்டி, கண்ணீரைத் துடைத்துக்கொண்டு அவன் உட்கார, படையே சிரித்தது, ஆகவே படை ஏற்றுக்கொண்டது என்றார்கள். நடுவர் அவர்களே, மனம் நொந்திருந்த நிலையிலும் சிரித்தார்கள் என்றுதான் ஹோமர் பாடியிருக்கிறார். எதிரணியினர் அந்த வரியில் பாதியை மட்டும் படித்துக் காட்டினார்கள்.