அம்மாவின் பேரையும் அளந்து போடுங்கள்

தலைவர் அவர்களே, இந்த வெயிலிலும் புளியரையிலிருந்து வந்திருக்கும் ஊராட்சிப் பெருமக்களே, பந்தலும் ஒலிபெருக்கியும் தந்த வணிகர் சங்கத்தாரே, பெஞ்சு போதாமல் நிற்கும் தாய்மார்களே, வணக்கம்.

'காலந்தோறும் அம்மா' என்பது தலைப்பு. ஊர், உறவு, ஆவணம் என மூன்றையும் பேசுவேன். ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு என்பார்கள். அம்மாவின் பேரை மட்டும் அளக்காமலே போட்டுவிட்டோம்.

1956 அக்டோபர் 31 இரவு செங்கோட்டையில் படுத்தவள் திருவிதாங்கூர்-கொச்சிக்காரி. விடிந்தால், மாநில எல்லை மாறி, சென்னை மாநிலத்துக்காரி. 2019இல் நெல்லையும் போய்த் தென்காசி மாவட்டம் வந்தது. அவள் வாசற்படி அங்கேயேதான் கிடக்கிறது.

மலைக்கு அந்தப் பக்கம், கேரளத்து ஆரியங்காவிலிருந்து வாக்கப்பட்டு வந்த ஒரு தாயார். லட்சுமி என்று வைத்துக்கொள்ளுங்கள். வந்த புதிதில் யாரென்று கேட்டால் "ஆரியங்காவுக்காரி" என்பார். பிறகு "பெரியவன் அம்மை". வீட்டுக்காரர் தவறிய பிறகு வங்கிக்குப் போகிறார். "லட்சுமி! லட்சுமி!" என்று கூப்பிடுகிறார்கள். எதிரே உட்கார்ந்திருந்தும் எழுந்திரிக்கவில்லை! "பாட்டி, ஒங்களத்தான்" என்றதும், "என்னையா? அந்தப் பேரச் சொல்லி எங்க அம்மையில்லா கூப்பிடுவா!" என்றாராம். (சிரிப்பு) மலையாளப் பத்திரத்தில் வீட்டுப்பேரோடு லக்ஷ்மி, ரேஷன் கார்டில் லெட்சுமி அம்மாள், ஆதாரில் கணவர் இனிஷியலோடு லட்சுமி. "இதுல நீங்க யாரு?" "மூணும் நாந்தான்யா, மூணு வயசுல!" (கைதட்டல்)

சிரித்துவிட்டோம். அந்த அம்மா இல்லாத நாளில் மகளுக்குப் பட்டா மாற்றும்போது இந்த மூன்று பேரும் மூன்று ஆளாகிவிடுவார்கள். கையெழுத்துப் போட்டு "நான்தான்" என்று சொல்ல ஆள் இருக்காது.

ஆகவே அவர் இருக்கும்போதே பத்திரம், ரேஷன் கார்டு, ஆதார், பாஸ்புக் நான்கையும் ஒரே பாயில் பரப்புங்கள். எந்த எழுத்து, எந்த இனிஷியல் என்று முடிவு செய்ய வேண்டியவர் அவர்தான், மூத்த மகனல்ல. முதலில் ஆதாரைத் தொடாதீர்கள். அதில் பேரை ஆயுளுக்கு இரண்டு முறைதான் மாற்றலாம்; அவசரத்தில் ஒன்றை வீணாக்கியவர்கள் உண்டு. மலையாளப் பத்திரத்தை மொழிபெயர்த்து வையுங்கள். பழைய பத்திரத்தைத் திருத்த முடியாவிட்டால், எல்லாப் பேரும் ஒருவரையே குறிக்கும் என்று நோட்டரி முன் உறுதிமொழிப் பத்திரம் எழுதுங்கள். வீட்டுப்பேரை விட்டுவிடாதீர்கள், பத்திரத்தோடு அவரைச் சேர்ப்பது அதுதான். பேரே வேறு என்றால் அரசிதழில்தான் வெளியிட வேண்டும். ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு!

உறவைப் பற்றிப் பேச நேரமில்லை. தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். பந்தலின் தென்புறம் ஆவணங்களில் பேரைச் சரிபார்க்க மேசை போட்டிருக்கிறது. அம்மாவைக் கூட்டி வந்தவர்கள் முதலில் போங்கள். நகலை மட்டும் கொண்டு வந்தவர்கள் அசலோடு நாளை வாருங்கள்.