காட்டத்தி மரத்திலிருந்து இறங்கிய பிறகு

(சிறை ஊழியத் தொண்டர்களுக்கான பயிற்சிக் கூட்டத்தில் ஆற்றிய உரை)

அன்பானவர்களே,

வாரம் தவறாமல் சிறைக்குப் போய் வருகிறீர்கள். வேதாகமம், சோப்பு, பற்பசை, கிறிஸ்துமஸ் வந்தால் கேக். நீங்கள் பார்க்கிற சகோதரனின் ஊர், பிள்ளைகள் எத்தனை, ஜாமீன் மனு எந்தக் கோர்ட்டில் நிற்கிறது, எல்லாம் உங்களுக்கு அத்துப்படி. சரி, அவர் கையால் அடிபட்டவரின் பெயர் என்ன? இதைக் கேட்டால் பல குழுக்களில் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள். "காவலிலிருந்தேன், என்னைப் பார்க்கவந்தீர்கள்" என்ற வசனம் நம்மைச் சிறை வாசலுக்குக் கூட்டிவந்திருக்கிறது. சிறைக்கு வெளியே இருக்கிற அந்த இன்னொருவரைப் பற்றித்தான் இன்று பேச்சு.

வரி வசூலிப்பவர்களுக்குத் தலைவராக இருந்த சகேயு, இயேசுவைப் பார்க்கக் காட்டத்தி மரத்தில் ஏறியதை ஞாயிறு பள்ளிப் பிள்ளைகள் நடித்துக் காட்டுவார்கள். இறங்கிய பிறகு சொன்னதை யாரும் நடிப்பதில்லை. "நான் ஒருவனிடத்தில் எதையாகிலும் அநியாயமாய் வாங்கினதுண்டானால், நாலத்தனையாகத் திரும்பச் செலுத்துகிறேன்." இந்த நாலு எங்கிருந்து வந்தது? யாத்திராகமம் 22ஆம் அதிகாரத்தில், ஆட்டைத் திருடிக் கொன்றவன் அல்லது விற்றவன் ஓர் ஆட்டுக்கு நாலு ஆடு கொடுக்க வேண்டும். எண்ணாகமம் 5ஆம் அதிகாரத்தில், குற்றத்தை அறிக்கையிடுகிறவன் முதலோடு ஐந்தில் ஒரு பங்கு கூட்டிக் கொடுக்க வேண்டும். சகேயுவைப் பிடித்து வந்தவர் யாரும் இல்லை. தானாகத்தான் வாயைத் திறந்தார். நூறுக்கு 120 கொடுத்தால் கணக்கு முடிந்தது. அவரோ திருடனுக்குரிய கணக்கை எடுத்துத் தன் தலையில் போட்டுக்கொண்டு 400 என்கிறார். பணம் போய்ச் சேருவதும் இழந்தவன் கைக்கு. இன்று நம் கோர்ட்டில் கட்டுகிற அபராதம், நீதிபதி தனியாக உத்தரவிட்டால் ஒழிய, அரசு கஜானாவுக்குத்தான் போகிறது.

தண்டிப்பதோடு நிற்காமல் சேதத்தைச் சரிசெய்யப் பார்க்கிற முறையைச் சீரமைப்பு நீதி (restorative justice) என்று சொல்கிறார்களே, அதன் மூன்று கேள்விகளும் இங்கேயே இருக்கின்றன. யாருக்குச் சேதம்? அவருக்கு என்ன தேவை? அதைச் செய்ய வேண்டியவர் யார்? எந்தச் சட்டம், என்ன தண்டனை என்ற கேள்விகளை நீதிமன்றம் பார்த்துக்கொள்ளும்.

இக்காலத்தில் இது எங்கே தொடங்கியது என்று கேட்டால், பெரும்பாலும் கனடாவைத்தான் சொல்வார்கள். ஒண்டாரியோ மாகாணத்தில் எல்மைரா என்று ஒரு சிற்றூர். 1974 மே மாதத்தில் ஓர் இரவு, 18, 19 வயதில் இரண்டு பையன்கள் குடித்துவிட்டு 22 இடங்களில் நாசம் செய்தார்கள். கார் டயர்களைக் கிழித்தார்கள், கண்ணாடிகளை உடைத்தார்கள். மெனோனைட் என்ற கிறிஸ்தவ சபைப் பிரிவைச் சேர்ந்த நன்னடத்தை அலுவலர் மார்க் யான்ட்சியும் அவரோடு இருந்த டேவ் வொர்த்தும், இவர்களை ஒவ்வொரு வீட்டுக்கும் அனுப்பினால் என்ன என்று யோசித்தார்கள். நீதிபதி கோர்டன் மெக்கானெல் முதலில் தயங்கினார், பிறகு ஒப்புக்கொண்டார். பையன்கள் போய்க் கதவைத் தட்டினார்கள். பெரியவர்கள் இருவரும் குறிப்பேட்டோடு கூட நின்றார்கள். வீடு மாறிப்போனவர்கள் தவிர எல்லாரையும் பார்த்தார்கள். காப்பீட்டில் வராத நஷ்டத்தைச் சில மாதங்களில் கட்டி முடித்தார்கள். அது கிச்னர் நகரில் ஒரு திட்டமாகவே வளர்ந்தது.

எல்மைராவை அப்படியே காப்பியடிக்காதீர்கள். முன்கூட்டி ஒரு வார்த்தை கேட்காமல் போய்க் கதவைத் தட்டினார்கள். உடைந்தது கண்ணாடி என்பதால் பிழைத்தது. உயிர் போன வீட்டில் இப்படிச் செய்தால் அது இரண்டாம் முறை அடிப்பது.

நம் நாட்டில் இன்னொரு கண்ணியும் இருக்கிறது. சிறையில் இருப்பவர்களில் ஏறக்குறைய நாலில் மூன்று பேர் விசாரணைக் கைதிகள். வழக்கு முடியவில்லை, எதிர்த்தரப்பில் இருப்பவர் சாட்சி. நல்லெண்ணத்தில் நீங்கள் கொண்டுபோகிற ஒரு மன்னிப்புச் செய்தி, சாட்சியைக் கலைக்க வந்ததாகப் பார்க்கப்படும். ஜாமீன் ரத்தாகலாம், நீங்களும் மாட்டுவீர்கள். ஆகவே விசாரணைக் கைதியோடு ஜெபியுங்கள், குடும்பத்துக்கு உதவுங்கள், வழக்கைப் பற்றி எழுத்தில் எதையும் வாங்காதீர்கள். நான் சொல்கிற வேலை, அதாவது கைதியை அடிபட்டவரோடு ஒப்புரவாக வழிநடத்துவது, தீர்ப்பாகி மேல்முறையீடும் முடிந்த தண்டனைக் கைதிகளோடு. அதுவும் சிறைக் கண்காணிப்பாளரின் எழுத்து அனுமதியோடு.

முதல் படி, தன் குற்றத்தைத் தன் வாயால் சொல்வது. தமிழில் இதற்கு ஒரு நல்ல சோதனை உண்டு. வினைச்சொல்லைக் கவனியுங்கள். "சண்டையில் கத்தி பட்டுவிட்டது", "கோபத்தில் கை ஓங்கிவிட்டது", "என்னமோ நடந்துபோச்சு." கத்தி தானாகப் பட்டது, கை தானாக ஓங்கியது, ஆள் எங்கே? "நான் குத்தினேன்" என்று வருவதற்குச் சிலருக்கு ஆறு வாரம் ஆகும், சிலருக்கு ஒரு வருஷம். வரும்வரை அடிபட்டவருக்குக் கடிதம் எழுத விடாதீர்கள். எழுதத் தொடங்கினால் இரண்டு வாக்கியங்களைக் கட்டாயம் அடித்து நீக்கச் சொல்லுங்கள். ஒன்று, "ஏதாவது தவறு செய்திருந்தால்." மற்றது நம் சபைகளில் நாமே கற்றுக்கொடுத்தது: "ஆண்டவர் என்னை மன்னித்துவிட்டார், நீங்களும் மன்னிக்க வேண்டும்." கணவனை இழந்த பெண்ணுக்கு இது கட்டளை போலக் கேட்கும். மத்தேயு 5இல் ஆண்டவர் காணிக்கையைப் பலிபீடத்தின் முன் வைத்துவிட்டு, முதலில் போய்ச் சகோதரனோடு ஒப்புரவாகு என்கிறார். நாம் வரிசையைத் திருப்பிப் போட்டுவிட்டோம்.

முன்விடுதலைக்காக ஒருவர் மனந்திரும்பியதாக நடிப்பார். நடக்கும். அதனால் வகுப்புக்கு வந்தார் என்று சான்றிதழ் கொடுக்காதீர்கள், விடுதலை மனுவோடு இதைச் சேர்க்காதீர்கள். பலன் இல்லை என்று தெரிந்த மறுவாரமே நாற்காலிகள் காலியாகும்; மிச்சம் இருப்பவர்களோடு வேலையைத் தொடங்குங்கள்.

அடிபட்டவர் பக்கம் வேறு ஆள் போக வேண்டும், சிறைக் குழுவில் இருப்பவர் கூடாது. போகும்போது கடிதத்தைக் கையில் எடுத்துப்போகாதீர்கள். முதல் சந்திப்பில் கைதியின் பேச்சையே எடுக்க வேண்டாம். இழப்பீடு கிடைத்ததா என்று கேளுங்கள். இப்போதைய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 396ஆம் பிரிவின்படி மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் விண்ணப்பிக்கலாம். குற்றவாளி யாரென்றே தெரியாத வழக்கிலும் வழி உண்டு. இது தெரியாத குடும்பங்கள் ஏராளம். மருத்துவச் சீட்டு, முதல் தகவல் அறிக்கை நகல், வங்கிப் புத்தகம், இவற்றைத் திரட்டிக் கொடுத்தாலே பாதி ஊழியம்.

சந்திக்கலாம் என்று அவராகச் சொன்னால், யார் முதலில் பேசுவது, எங்கே உட்காருவது, யாரைத் துணைக்குக் கூட்டிவருவது, மூன்றையும் அவரே முடிவு செய்யட்டும். கதவுக்குப் பக்கத்து நாற்காலி அவருக்கு. நடத்துபவர்கள் இருவர். அங்கே பிரசங்கம் வேண்டாம். அழுகை வந்தால் உடனே ஜெபத்தில் இறங்கிவிடுவது நம் பழக்கம், அதையும் அடக்குங்கள். பணம் கொடுப்பதாகப் பேசினால் எவ்வளவு, எந்தத் தேதியில், யார் வழியாக என்று எழுதுங்கள். சிறைக் கூலி எவ்வளவு என்று தெரிந்துகொண்டு எழுதுங்கள். இரண்டாம் தவணை நின்றுபோனால் முதல் சந்திப்பே பொய்யாகிவிடும்.

குடும்ப வன்முறையில், பாலியல் குற்றத்தில், சாதிக் கொடுமையில் இந்தச் சந்திப்பைத் தொடாதீர்கள். ஊர் பெரியவர்கள் கூடி "விட்டுக்கொடுத்துப் போ" என்று அமுக்குவதற்கு வேதவசனத்தைத் துணைக்கு அனுப்புகிற வேலையாகிவிடும் அது.

"வேண்டாம்" என்று அவர் சொன்னால், சரி என்று சொல்லிவிட்டு எழுந்து வாருங்கள். கைதியிடம் போய், அவர் விரும்பவில்லை என்று மட்டும் சொல்லுங்கள். எழுதின கடிதத்தில் தேதி போட்டு, உறையில் ஒட்டி, குழுவின் கோப்பில் வையுங்கள். ஐந்து வருஷம் கழித்து அந்த அம்மா, "அவன் ஏதாவது சொன்னானா?" என்று கேட்டு வரலாம். அன்றைக்கு அந்த உறை எந்த அலமாரியில் இருக்கிறது என்று உங்களில் ஒருவருக்காவது தெரிந்திருக்க வேண்டும்.