ஜோ ஹிசைஷி: படத்துக்கு முன்பே பிறந்த இசை

அவையோருக்கு வணக்கம்.

ஜப்பானின் நாகனோ மாகாணத்தில் 1950ஆம் ஆண்டு பிறந்த மமோரு புஜிசாவாவைத்தான் உலகம் ஜோ ஹிசைஷி என்ற பெயரில் அறிந்திருக்கிறது. குனிதாச்சி இசைக் கல்லூரியில் பயின்ற நாள்களில் அவரை ஆட்கொண்டது, சிறியதொரு சுரக்கோவையைத் திரும்பத் திரும்ப இசைத்து, கேட்போர் அறியாமலே அதைச் சிறுகச் சிறுக மாற்றிச் செல்லும் மினிமலிச இசை. 1974இல் தொலைக்காட்சி அனிமேஷன் தொடர் ஒன்றுக்கு இசையமைத்த பின்னரும், அவர் பெயர் பரவலாகத் தெரியவரப் பத்தாண்டுகள் ஆயின.

திருப்பம் ‘நௌசிகா’ படத்தால் நேர்ந்தது. அனிமேஷன் இயக்குநர் ஹயாவோ மியாசாகி அந்தப் படத்தை உருவாக்கிக்கொண்டிருந்தபோதே, கதையையும் ஓவியங்களையும் மட்டும் கொண்டு ஹிசைஷி ஓர் இசைத்தொகுப்பை அமைத்தார். 1983இல் அது வெளிவந்தது. அதைக் கேட்ட தயாரிப்பாளர் இசாவோ தகாஹதா, படத்தின் இசைக்கும் இவரே போதும் என்று உறுதியாக நின்றார். படம் வெளிவந்தபோது, அதில் ஒலித்த மழலைக் குரல் ஹிசைஷியின் நான்கு வயது மகளுடையது. காட்சிக்கு அளவெடுத்து இசை தைக்கும் வழக்கத்துக்கு மாறாக, காட்சி பிறக்குமுன்பே அதன் மனநிலையைப் பிடித்துவிடும் இந்த முறைதான் மியாசாகி, ஹிசைஷி இருவரின் கூட்டணியைத் தாங்கிய தூண் என்பது என் கருத்து.

இசை எங்கே வேண்டாம் என்று அறிவதும் அவருக்குக் கைவந்த கலை. 1986இல் வந்த மியாசாகியின் ‘லபுதா’ 124 நிமிடம் ஓடும் படம். அதில் ஏழெட்டு நிமிடங்கள் தொடர்ந்து இசையே இல்லாத பகுதிகள் உண்டு. அமெரிக்கப் பார்வையாளர்கள் அந்த மௌனத்தைப் பொறுக்கமாட்டார்கள் என்று கருதப்பட்டதால், ஆங்கிலப் பதிப்புக்காக அவரே 1999இல் இசையை விரித்து எழுதினார். வாத்தியங்கள் பெருகின, ஆனால் மௌனம் செய்த வேலையை அவை செய்யவில்லை என்றே எனக்குப் படுகிறது. (புதியதை விரும்புவோரும் உண்டு, அவர்களோடு நான் வழக்காட வரவில்லை.) மியாசாகியின் ‘ஸ்பிரிட்டட் அவே’ படத்தில் நீர்ப்பரப்பின்மேல் ரயில் செல்லும் காட்சியைப் பாருங்கள்: வசனம் அருகி, பியானோ தயங்கித் தயங்கிப் பேசுகிறது.

ஜப்பானிய இயக்குநர் டகேஷி கிடானோவின் படங்களுக்கு அவர் அமைத்த இசை தனிச் சொற்பொழிவுக்கு உரியது. இங்கே தொட்டுச் செல்கிறேன்.

2023இல் வந்த மியாசாகியின் ‘தி பாய் அண்ட் தி ஹெரான்’ படத்துக்கு மட்டும் முறை தலைகீழானது. முன்கூட்டிய தொகுப்பு கிடையாது. ஏறத்தாழ முடிந்துவிட்ட படத்தைக் காட்டி, மற்றதை அவரிடமே இயக்குநர் விட்டுவிட்டார். பெருஞ்சேர்ந்திசையை ஒதுக்கி, சில சுரங்களே சுற்றிவரும் பியானோவை அவர் கையிலெடுத்தார்; கல்லூரி நாள்களில் தம்மை ஆட்கொண்ட அந்த மினிமலிச இசையையே, எழுபது வயதைக் கடந்தபின் மியாசாகியின் படத்துக்குள் முழுமையாகக் கொண்டுவந்தார்.