மறுத்துவிட்டார்கள் என்று விட்டுவிடாதீர்கள்

நேயர்களுக்கு வணக்கம்.

தென்னாப்பிரிக்காவில் வேலையோ வருமானமோ இல்லாமல் தவிப்பவர்கள் அரசிடம் பெறக்கூடிய எஸ்.ஆர்.டி. என்ற துயர்நீக்க உதவித்தொகையைப் பற்றிப் பேசும்படி நிலையத்தார் என்னை அழைத்திருக்கிறார்கள். மக்கள் இதைச் சுருக்கமாக 'கிராண்ட்' என்றே சொல்கிறார்கள். மனு எழுதித் தரும் சமூக ஆலோசனைப் பணியில் இருப்பதால், இதன் நல்லதையும் கெட்டதையும் அருகிலிருந்து பார்த்துவருகிறேன்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். டர்பனின் சாட்ஸ்வொர்த்திலும் ஃபீனிக்ஸிலும் வாழும் நம் குடும்பங்களில் "அரசாங்கத்திடம் போய்க் கையேந்துவதா?" என்று கூசி ஒதுங்குகிறவர்கள் இருக்கிறார்கள். அடுப்பு எரியாத வீட்டிலும் அக்கம்பக்கத்துக்குத் தெரிந்துவிடுமே என்ற கவலைதான் முன்னால் நிற்கிறது. தன்னையும் தன்னை நம்பியிருப்பவர்களையும் காப்பாற்ற இயலாதவருக்குச் சமூக உதவி பெறும் உரிமை உண்டு என்று இந்த நாட்டு அரசியலமைப்பின் 27ஆம் பிரிவு எழுத்தில் சொல்கிறது. அந்த உரிமையைத்தான் கேட்கிறீர்கள். தலை குனிய இதில் எதுவும் இல்லை.

கொரோனா பொதுமுடக்கத்தின்போது, 2020 ஏப்ரலில், ஜனாதிபதி ரமபோசா இதை அறிவித்தார். மாதம் 350 ரேண்ட். 2021 ஏப்ரலோடு நிறுத்தினார்கள். அந்த ஆண்டு ஜூலையில் நாட்டில் நடந்த கலவரத்துக்குப் பிறகு ஆகஸ்டில் மீண்டும் கொண்டுவந்தார்கள். 2024 ஏப்ரலில் தொகை 370 ரேண்டாக உயர்ந்தது. 18 வயது முதல் 59 வரை உள்ளவர்களுக்கு உரியது. 60 ஆனதும் முதியோர் உதவித்தொகைக்குப் போய்விடலாம். குடிமக்களுக்கு மட்டும் என்று எண்ணி அகதிகள் விலகி நிற்க வேண்டாம். அவர்களுக்கும், தஞ்சம் கோரி விண்ணப்பித்து உரிய அனுமதிச் சீட்டு வைத்திருப்பவர்களுக்கும் இதில் இடம் உண்டு. பிள்ளைக்காகக் குழந்தை உதவித்தொகை வாங்கும் தாயும் தன் பெயரில் இதைக் கேட்கலாம். 2021இல் திரும்பக் கொண்டுவந்தபோதுதான் அந்தக் கதவு திறந்தது. அதை இன்னும் அறியாத தாய்மார்கள் உண்டு.

விண்ணப்பம், உதவித்தொகைகளை வழங்கும் அரசு அமைப்பான சாஸாவின் இணையதளம் வழியாகத்தான். அடையாள எண், பெயர், கைபேசி எண், வங்கி விவரம், இவ்வளவே. பெயரை அடையாள அட்டையில் உள்ளபடியே எழுதுங்கள். நம் தமிழ்ப் பெயர்களை ஆங்கிலத்தில் ஒவ்வோர் இடத்தில் ஒவ்வொரு விதமாக எழுதியிருப்பார்கள். ஓர் எழுத்து மாறினாலும் உள்துறைப் பதிவோடு பொருந்தாமல் போகக்கூடும். வங்கிக் கணக்கு உங்கள் பெயரிலேயே இருக்க வேண்டும். மகன் கணக்கோ மருமகள் கணக்கோ செல்லாது. கைபேசி எண்ணை மாற்றினால் அதையும் பதிவில் மாற்றிவிடுங்கள். செய்தியும் சரிபார்ப்பு எண்ணும் அந்த எண்ணுக்குத்தான் வரும்.

இனி, பெரும்பாலோர் இடறும் இடத்துக்கு வருகிறேன்.

ஒருமுறை விண்ணப்பித்தால் முடிந்தது என்று நினைக்காதீர்கள். ஒவ்வொரு மாதமும் உங்கள் பெயரைப் புதிதாகச் சோதிக்கிறார்கள். வேலையின்மைக் காப்பீடான யூ.ஐ.எஃப்., மாணவர் நிதியுதவி, வருமான வரி, உள்துறை ஆகிய பதிவுகளோடு ஒப்பிடுகிறார்கள். வங்கிக் கணக்கையும் பார்க்கிறார்கள். அந்த மாதத்தில் 624 ரேண்டுக்கு மேல் வரவு இருந்தால் வேறு வருமானம் உள்ளவர் என்று மறுத்துவிடுகிறார்கள்.

இந்த 624 எங்கிருந்து வந்தது? 2021இல் நாட்டின் புள்ளியியல் துறை கணக்கிட்ட உணவு வறுமைக் கோடு அது. உடம்புக்குத் தேவையான குறைந்தபட்சச் சாப்பாட்டுக்கு ஒருவருக்கு ஒரு மாதத்துக்கு ஆகும் செலவு. விலைவாசி அதற்குப் பிறகு எவ்வளவு ஏறிவிட்டது என்பதைக் கடைக்குப் போகும் எவரும் அறிவார்கள். வரம்பு மட்டும் ஏறவில்லை. கொடுக்கும் 370 ரேண்டோ அந்தப் பழைய 624 ரேண்டையே எட்டவில்லை. இதைச் சொல்லும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது.

அதைவிடக் கொடுமை, வரவு எதற்காக வந்தது என்று அந்தச் சோதனை கேட்பதில்லை. அம்மாவின் மருந்துக்கென்று ஜோகன்னஸ்பர்க்கிலிருந்து அண்ணன் 700 ரேண்ட் அனுப்புகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். தங்கையின் கணக்கில் விழுந்த அந்தப் பணம் அவருடைய வருமானமாகக் கணக்கில் ஏறிவிடுகிறது. சாவு வீட்டுச் செலவுக்கு உறவுகள் சேர்த்துப் போட்ட பணமும் அப்படியே. கணக்கு இல்லாத பக்கத்து வீட்டுக்காரர், "என் கூலியை உங்கள் கணக்கில் வாங்கிக்கொள்கிறேன் அக்கா" என்று கேட்பார். மனம் இளகிச் சம்மதித்தால் அந்த மாதக் கிராண்ட் கையைவிட்டுப் போகலாம். உதவாதீர்கள் என்று சொல்ல எனக்கே மனம் வரவில்லை. ஆனாலும் கிராண்ட் வரும் கணக்கில் மற்றவர் பணம் வேண்டாம்.

மறுத்துவிட்டால் என்ன செய்வது? சமூக உதவி மேல்முறையீடுகளுக்கென்று தனித் தீர்ப்பாயம் இருக்கிறது. அதுவும் இணையம் வழியாகத்தான். மறுக்கப்பட்ட ஒவ்வொரு மாதத்துக்கும் தனித்தனியாக மேல்முறையீடு செய்ய வேண்டும். ஜூன் மாதத்துக்குச் செய்தது ஜூலைக்குப் பொருந்தாது. கால வரம்பும் இருப்பதால் தள்ளிப்போடக் கூடாது. என்ன காரணம் சொல்லி மறுத்தார்கள் என்பதைப் படித்துவிட்டு மனுப் போடுங்கள். யூ.ஐ.எஃப். பதிவு என்று வந்தால், பழைய முதலாளி உங்கள் பெயரைப் பதிவிலிருந்து எடுக்காமல் விட்டிருக்கக் கூடும். அவரிடம் சொல்லி எடுக்கச் செய்யுங்கள். அடையாளம் பொருந்தவில்லை என்றால் உள்துறை அலுவலகத்தில் பெயரைச் சரிபாருங்கள்.

இந்த ஏற்பாட்டின் குறைகளை நீதிமன்றமும் கண்டிருக்கிறது. 'பே த கிராண்ட்ஸ்' இயக்கமும் பொருளாதார நீதிக்கான ஆய்வு நிறுவனம் ஒன்றும் தொடுத்த வழக்கில், 2025 ஜனவரியில் பிரிட்டோரியா உயர் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. இணையம் வழியாக மட்டுமே விண்ணப்பிக்க வேண்டும் என்ற விதி, உறவினர் தரும் உதவியையும் வருமானமாக எண்ணும் விளக்கம், மேல்முறையீட்டில் புதிய சான்று காட்ட முடியாத நிலை ஆகியவை தகுதியுள்ளவர்களை அநியாயமாக வெளியே தள்ளுகின்றன என்றது அந்தத் தீர்ப்பு. அரசு அதை எதிர்த்து மேலே செல்ல முனைந்தது. வழக்குத் தொடுத்தவர்களுக்கு நாம் எல்லோரும் கடமைப்பட்டிருக்கிறோம்.

வேறொரு வகை உதவியும் உண்டு. கொரோனாவுக்கு முன்பிருந்தே இருக்கும் அவசர நிவாரணம் அது. குடும்பத்தைக் காப்பாற்றியவர் இறந்துவிட்டாலோ, தீயிலோ வெள்ளத்திலோ வீடு போய்விட்டாலோ, ஊனமுற்றோர் உதவித்தொகைக்கு விண்ணப்பித்துவிட்டுக் காத்திருந்தாலோ, உணவுப் பொட்டலமாகவோ கூப்பனாகவோ சில மாதங்களுக்குத் தருவார்கள். இதற்கு சாஸா அலுவலகத்துக்கே நேரில் போக வேண்டும். அடையாள அட்டை, இறப்புச் சான்றிதழ், மருத்துவக் கடிதம் என்று உங்கள் நிலையைக் காட்டும் தாள் எதுவாக இருந்தாலும் எடுத்துச் செல்லுங்கள்.

கடைசியாக, விண்ணப்பத்துக்கும் மேல்முறையீட்டுக்கும் கட்டணம் கிடையாது. "50 ரேண்ட் கொடுங்கள், உடனே கிடைக்கச் செய்கிறேன்" என்பவரிடம் அடையாள எண்ணையும் கைபேசிக்கு வரும் சரிபார்ப்பு எண்ணையும் கொடுத்துவிட்டால், உங்கள் பணம் வேறொருவர் கணக்குக்குப் போக வழி செய்ததாகிவிடும். இணையம் பழக்கமில்லாத பெரியவர்கள் வீட்டுப் பிள்ளைகளையோ ஆலோசனை மையத்தையோ நாடுங்கள். பிள்ளைகளே, பெரியவர்கள் கேட்பதற்குமுன் நீங்களே உட்கார்ந்து செய்துகொடுங்கள். இந்த மாத மறுப்புச் செய்தி வீட்டில் யாருக்காவது வந்திருந்தால், அந்த மனுவிலிருந்தே தொடங்கலாம்.

நன்றி, வணக்கம்.